பெங்களூரில் மதாம் ஒதிலுக்கு வசனம் எடுத்துக் கொடுத்தது

பெங்களூரில் எனக்குத் தெரிந்தவர் என்று ஒருவரும் இல்லை. ஒருவேளை அதனாலேயே போக ஒப்புக்கொண்டேனோ என்னவோ. தொண்ணூற்றெட்டு டிசம்பர். புதுச்சேரியில் மழை பிடித்துக்கொண்டிருந்தது. என் கணவர் இறந்து சில வருடங்கள் ஆகியிருந்தன. மகன் பிரான்சில், லியோனில் வேலையில் இருந்தான். மாலையில் வீட்டுக்குப் பிரெஞ்சு படிக்க வரும் பிள்ளைகளும் விடுமுறை என்று நின்றுவிட்டார்கள்.

அப்போதுதான் என்னிடம் முன்பு படித்த பெண் ஒருத்தி தொலைபேசியில் கூப்பிட்டாள். ஒரு பிரெஞ்சுப் படத்தைப் பெங்களூரில் எடுக்கிறார்கள், அவள் அந்தக் கம்பெனியில் வேலை பார்க்கிறாள். நடிக்க வரும் அம்மாளுக்கு எழுபத்துநான்கு வயது, ஆங்கிலம் சுத்தமாக வராது, கூடவே இருக்க ஒரு பெண் வேண்டும் என்றாள். பெயரைச் சொன்னதும் எனக்கு முகம் ஞாபகம் வந்துவிட்டது. கன்னியர் மடத்துப் பள்ளியில் படித்தபோது சிஸ்டர்கள் எங்களை வரிசையாக அழைத்துப்போய் ஒரு பிரெஞ்சுப் படம் காட்டினார்கள். அதில் அவர் துறைமுகத்தில் நின்று ஒரு கப்பலைப் பார்ப்பார். கையசைக்க மாட்டார். நாங்கள் எல்லோரும் அழுதோம். அவர் அழவில்லை. நான் அவரை மதாம் ஒதில் என்றே அழைத்தேன். இங்கேயும் அப்படியே எழுதுகிறேன்.

பெங்களூரில் இறங்கிய காலை நல்ல குளிர். புதுச்சேரியில் டிசம்பர் என்றால் ஈரம். இங்கே காற்றில் ஈரமே இல்லை, உதடுதான் வெடித்தது. எனக்குக் கொடுத்த அறையின் ஜன்னலைத் திறந்தால் பக்கத்துக் கட்டடத்தின் தண்ணீர்க் குழாய்கள் தெரிந்தன. மதாமுக்கு இரண்டு தெரு தள்ளி பெரிய ஹோட்டல். வேனில் என்னைக் கொண்டுவந்து விட்டவன் மத்தியானம் கார் வரும் என்று சொல்லிவிட்டுப் போய்விட்டான்.

பசித்தது. தெருமுனையில் நின்றபடியே சாப்பிடுகிற ஹோட்டல் ஒன்று இருந்தது. பக்கத்தில் இருந்தவர் தட்டைக் காட்டி அதையே கேட்டேன். ஒரு பக்கம் காரமான ரவை உப்புமா, இன்னொரு பக்கம் நெய் மிதக்கும் கேசரி. சௌசௌ பாத் என்றார்கள். கூட வாங்கிய இட்லிக்கு ஊற்றிய சாம்பாரில் வெல்லம். எங்கள் ஊரில் இப்படி ஊற்றினால் தட்டைத் திருப்பி அனுப்புவார்கள். ஆனால் காபி நன்றாக இருந்தது. இரண்டாவது காபியும் வாங்கிக் குடித்தேன். சுற்றிலும் எல்லோரும் அவசரமாகச் சாப்பிட்டு, கை கழுவி, யாரோ எங்கோ காத்திருப்பது போல ஓடினார்கள்.

புதுச்சேரியில் வழி தவறினால் கடல் எந்தப் பக்கம் என்று பார்த்துக்கொண்டால் போதும். இந்த ஊரில் அப்படிப் பிடித்துக்கொள்ள ஒன்றும் இல்லை. தெருக்கள் வளைந்து வளைந்து போயின. சாப்பிட்டுவிட்டு நடந்தவள் திரும்பி வர ஆட்டோ பிடிக்கும்படி ஆயிற்று. ஆட்டோக்காரர் கன்னடத்தில் என்னவோ கேட்டார். நான் விழித்ததும், "தமிழா? முன்னாடியே சொல்லக் கூடாதாம்மா" என்றார்.

மத்தியானம் வந்த காரின் டிரைவர் முருகேஷ். முப்பத்தைந்து வயது இருக்கும். ஸ்ரீராம்புரத்துக்காரர், பிறந்ததே அங்கேதானாம், தாத்தா காலத்தில் வேலூர்ப் பக்கமிருந்து வந்த குடும்பம். பெட்ரோல் பங்கில் கன்னடம், டயருக்குக் காற்றடிக்கிறவரிடம் உருது, என்னிடம் தமிழ் என்று ஒரே மூச்சில் மாறி மாறிப் பேசினார். முதல் நாள் என்னை மேடம் என்றார். இரண்டாம் நாள் அக்கா ஆகிவிட்டேன். மதாம் கடைசி வரைக்கும் பெரிய மேடம்தான்.

மதாம் ஒதில் ஹோட்டல் வாசலில் எங்களுக்கு முன்பே வந்து நின்றுகொண்டிருந்தார். நினைத்ததைவிடக் குள்ளம். சாம்பல் நிறக் கம்பளிச் சட்டை, முடியை இழுத்துக் கட்டிய கொண்டை. நான் என்னை அறிமுகப்படுத்திக்கொண்டேன், பிலோமினா, புதுச்சேரி. அவர் என் பெயரைப் பிரெஞ்சாக்கி ஃபிலோமென் என்றார். பிறகு, "உங்கள் பிரெஞ்சு போருக்கு முந்தைய பிரெஞ்சு. இப்படிப் பேசியவர்கள் எல்லாம் செத்துவிட்டார்கள்" என்றார். பாராட்டா குறையா என்று எனக்குப் பிடிபடவில்லை.

படப்பிடிப்பு கன்டோன்மென்ட் பக்கம் ஒரு பழைய பங்களாவில். தூரம் அதிகமில்லை, ஆனால் ஒவ்வொரு சிக்னலிலும் கார் நின்றது. நிற்கும்போதெல்லாம் அவர் பேசினார். பதினேழு வயதில், போர்க்காலத்தில், ரொட்டி வரிசையில் நின்றபோது ஒருவர் பார்த்து சினிமாவுக்கு அழைத்துப்போனாராம். கடைக்காரப் பெண்ணாக வந்து ஒரு கையுறையை எடுத்துக் கொடுப்பது முதல் வேடம். ஐந்து வருடத்தில் கதாநாயகி. அதன்பின் வந்த படங்களை அவர் படமாகச் சொல்லவில்லை, வேடமாகவே சொன்னார்.

"முதலில் காதலி. பிறகு மனைவி. நாற்பது ஆனதும் ஏமாற்றப்படும் மனைவி. ஐம்பதில் அம்மா. என்னைவிட ஆறே வயது இளையவனுக்கு அம்மா. அப்புறம் தொலைக்காட்சியில் நீதிபதி, பிரபு குடும்பத்துக் கிழவி. இந்தப் படத்தில் கடைசிக் காட்சியில் சாகிறேன். அதற்கு மேலே வேடம் கிடையாது."

சிரித்துக்கொண்டுதான் சொன்னார். முருகேஷ் கண்ணாடியில் பார்த்து, பெரிய மேடம் என்ன சொல்கிறார் என்று கேட்டார். ஐம்பத்தேழு வருடமாக நடிக்கிறார் என்று மட்டும் சொன்னேன்.

இந்தப் படத்தின் கதை எளிது. கணவனோடு இந்தியாவுக்கு வந்து, கணவன் இறந்தபின் பெங்களூரிலேயே தங்கிவிட்ட ஒரு பிரெஞ்சுக் கிழவி வீட்டை விற்றுவிட்டுக் கிளம்பப் பார்க்கிறாள். கிளம்பும் முன்பே இறந்துபோகிறாள். இயக்குநர் ஜெரோம் முப்பது தாண்டாதவர். எல்லோரிடமும் மெதுவாகப் பேசுவார், மதாமிடம் இன்னும் மெதுவாக.

முதல் நாள் நடந்ததைச் சொல்ல வேண்டும். மதாம் ஒரு பெட்டியில் பீங்கான் தட்டுகளை அடுக்கியபடி நாலு வரி பேச வேண்டும். ஒத்திகையில் அருமையாகச் செய்தார். கேமரா ஓடியதும் இரண்டாவது வரியில் இருமினார். புரை ஏறிவிட்டது என்றார். அடுத்த முறை தட்டு கை நழுவியது. அதற்கடுத்த முறை வெளியே ஆட்டோ சத்தம் கேட்டதாகச் சொன்னார். எனக்குக் கேட்கவில்லை. எல்லோரும் பொறுமையாகத் திரும்பத் தயாரானார்கள். நான் அவர் கண்ணைப் பார்த்தேன். இருபது வருடம் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக் கொடுத்தவள் நான். படிக்காத பிள்ளையின் கண் வேறு, படித்தும் மனதில் நிற்காத பிள்ளையின் கண் வேறு.

அன்று சாயங்காலம் அவரை ஹோட்டலில் விட்டுவிட்டுக் கிளம்பப்போனேன். கொஞ்ச நேரம் இருக்க முடியுமா, நாளைக்கு உள்ள வசனத்தை வாசிக்க முடியுமா என்று கேட்டார். வாசித்தேன். திருப்பிச் சொன்னார். பத்து நிமிடம் கழித்துக் கேட்டால் போய்விட்டது. மறுபடி வாசித்தேன். மறுபடி போய்விட்டது. இடையில் எதற்கோ, நாற்பது வருடம் முன்பு மேடையில் பேசிய ஒரு நீண்ட செய்யுள் வசனத்தை ஒரு எழுத்துக்கூடத் தடுமாறாமல் சொன்னார். சொல்லி முடித்துவிட்டுக் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தார்.

"அதெல்லாம் இருக்கிறது. புதிதாக எதுவும் உள்ளே போக மாட்டேன் என்கிறது" என்றார். "படத்துக்கு முன்பு மருத்துவர் பார்த்தார். அவர் முன்னால் நடித்துத் தப்பிவிட்டேன். தெரிந்தால் நாளைக்கே விமானத்தில் ஏற்றிவிடுவார்கள். ஃபிலோமென், நீங்கள் யாரிடமும் சொல்ல வேண்டாம்."

நான் சொல்லவில்லை. அதோடு விடவும் இல்லை. நாடக மேடையில் முன்பெல்லாம் தரைக்குக் கீழே ஒரு பொந்தில் ஆள் உட்கார்ந்து நடிகர்களுக்கு அடி எடுத்துக் கொடுப்பாராம். அதை மதாம் சொன்னதும், நானே செய்கிறேன் என்றேன். மறுநாளிலிருந்து மதாமுக்கு மயக்கம் வரலாம், நான் பக்கத்திலேயே இருக்க வேண்டும் என்று எல்லோரிடமும் சொல்லிவிட்டோம். ஜன்னல் திரைக்குப் பின்னால், அலமாரிக்குப் பின்னால், ஒரு தடவை சாப்பாட்டு மேசைக்கு அடியில்கூட உட்கார்ந்தேன். ஒவ்வொரு வரிக்கும் முதல் இரண்டு வார்த்தையை மூச்சுக்காற்றாக விடுவேன். மிச்சத்தை அவர் பிடித்துக்கொள்வார். என் குரலுக்காக அவர் காத்திருக்கும் அந்தக் கணத்தையும் நடிப்பாக்கிவிடுவார். ஜன்னலைப் பார்ப்பார், கைவிரலைத் தேய்ப்பார். அந்தத் தயக்கம் எவ்வளவு அழகு என்று ஜெரோம் சொல்லிக்கொண்டிருந்தார்.

ஒரு நாள் சாப்பாட்டு இடைவேளையில் ஜெரோம் என்னிடம் வந்து, மதாம் ஒழுங்காகத் தூங்குகிறாரா, ஏதாவது கவனித்தீர்களா என்று கேட்டார். பயணக் களைப்பு என்றேன். என் முகத்தையே பார்த்தார். நான் தயிர்சாதத்தை மூடிவைத்தேன்.

வேலை சாயங்காலம் ஏழு மணிக்குள் முடிந்துவிடும். அதற்குப் பிறகு எனக்கு அந்த அறைதான். ஒரு நாள் எஸ்.டி.டி. பூத்துக்குப் போய் மகனுக்குப் போட்டேன். வேலையில் இருக்கிறேன் அம்மா, அப்புறம் கூப்பிடுகிறேன் என்றான். எந்த நம்பருக்குக் கூப்பிடுவான் என்று அவனும் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. திரும்பும் வழியில் ஒரு கடையில் கம்பளிச் சால்வைகளை எடுத்து எடுத்துப் பார்த்துவிட்டு வாங்காமல் வந்தேன். கடைக்காரர் கோபித்துக்கொள்ளவில்லை. நாளைக்கு வாங்க என்றார். பகல் முழுக்க பிரெஞ்சில் மூச்சுவிட்ட எனக்கு அந்த இரண்டு தமிழ் வார்த்தையே போதுமானதாக இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை படப்பிடிப்பு இல்லை. காலையில் தமிழ்ப் பூசை நடக்கும் ஒரு மாதா கோவிலை விசாரித்துப் போனேன். எனக்குத் தெரிந்த பாட்டையே வேறு மெட்டில் பாடினார்கள். பூசை முடிந்து வாசலில் எல்லோரும் குடும்பம் குடும்பமாக நின்று பேசினார்கள். நான் செருப்பைத் தேடுவது போலக் கொஞ்ச நேரம் நின்றேன். பிறகு மதாமின் ஹோட்டலுக்கு நடந்தேன். அவரும் சாப்பாட்டுக் கூடத்தில் தனியாக உட்கார்ந்து ஒரு ரொட்டித் துண்டில் வெகுநேரமாக வெண்ணெய் தடவிக்கொண்டிருந்தார்.

அன்று முருகேஷ்தான் காப்பாற்றினார். வீட்டில் வந்து சாப்பிடச் சொல்லி அவர் மனைவி செல்வி சொல்லிவிட்டாளாம். தினமும் முருகேஷ் கொண்டுவரும் டப்பாவிலிருந்து மதாம் எலுமிச்சை பிழிந்த சித்ரான்னத்தை எடுத்துச் சாப்பிடுவதைக் கேள்விப்பட்டிருக்கிறாள். ஸ்ரீராம்புரத்தில் அவர்கள் சந்துக்குள் கார் போகாது. நடந்தோம். வாசலில் பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தவர்கள் தண்ணீரை ஒதுக்கி வழிவிட்டார்கள். ஒரே அறை வீடு. மதாமுக்கு ஒரு நாற்காலி பக்கத்து வீட்டிலிருந்து வந்தது. அவர் அதில் உட்காராமல் எங்களோடு தரையில் உட்கார்ந்தார். எழுப்பத்தான் இரண்டு பேர் வேண்டியிருந்தது.

கோழிக் குழம்பு, முள்ளங்கிக் கூட்டு, சோறு. செல்வி அதிகம் பேசவில்லை. பரிமாறிவிட்டுக் கதவோரம் நின்றபடி என்னிடம் கேட்டாள், "எவ்ளோ வருஷமா அக்கா நடிக்கிறாங்க?"

சொன்னேன்.

"அப்போ வீட்டுக்கு எப்போ போனாங்க?"

அதையும் அப்படியே மொழிபெயர்த்தேன். மொழிபெயர்த்த பிறகுதான், சொல்லாமல் விட்டிருக்கலாமோ என்று பட்டது. மதாம் முதலில் சிரித்தார். பிறகு கையில் இருந்த சோற்றுப் பருக்கைகளைப் பார்த்துக்கொண்டு, "படத்துக்கும் படத்துக்கும் நடுவில் போவேன் என்று சொல்லுங்கள். போனால் அங்கே யாரும் இருக்க மாட்டார்கள்" என்றார். நான் செல்வியிடம், அப்பப்போ போவாராம் என்று மட்டும் சொன்னேன். செல்வி இன்னொரு துண்டுக் கோழியை மதாமின் தட்டில் வைத்தாள்.

திங்கட்கிழமை பொம்மனஹள்ளியைத் தாண்டி, மூடிக்கிடந்த ஒரு தொழிற்சாலையின் அலுவலகத்தில் ஆஸ்பத்திரிக் காட்சி. போகும் வழியில் அடுகோடியில் காரின் கிளட்ச் வயர் அறுந்துவிட்டது. லாரிகள் எங்களைச் சுற்றிக்கொண்டு போயின. "ஸ்வல்ப நேரம் அக்கா, பக்கத்துலயே கிடைக்கும்" என்று சொல்லிவிட்டு முருகேஷ் போய்விட்டார். வெயில் ஏறியது. பக்கத்தில் ஒரு லேத்துப் பட்டறை. அதன் முதலாளி மதாமைப் பார்த்துவிட்டு ஒரு பிளாஸ்டிக் நாற்காலியை இரும்புத்தூள் தட்டிக் கொண்டுவந்து போட்டார். டீ வரவழைத்தார். யார், எங்கிருந்து என்று எதுவும் கேட்கவில்லை. தன் வேலையைப் பார்க்கப் போய்விட்டார்.

மதாம் டீயை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு சாலையையே பார்த்தார். இங்கே உங்களை யாருக்கும் தெரியாதது நிம்மதியாக இருக்கிறதா என்று கேட்டேன்.

"பாரிஸிலும் இப்போது யாருக்கும் தெரியாது. சில சமயம் ஒரு பெண்மணி உற்றுப் பார்ப்பாள், தன் பழைய பக்கத்து வீட்டுக்காரி என்று நினைத்துக்கொண்டு. அங்கே தெரியாமல் போனால் வலிக்கிறது. இங்கே வலிக்கவில்லை, அவ்வளவுதான்."

வயர் கிடைத்து வண்டி கிளம்ப ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆனது. அன்றைய காட்சியும் எப்படியோ முடிந்தது. நான் ஆஸ்பத்திரிக் கட்டிலுக்கு அடியில் படுத்திருந்தேன்.

கடைசி நாள் வந்தது. மறுபடியும் பங்களா. இறந்த கணவரின் புகைப்படத்தைப் பார்த்து அந்தக் கிழவி பேச வேண்டிய ஒன்றரைப் பக்க வசனம் பாக்கி. படத்தின் உயிரே அதுதான் என்று ஜெரோம் முதல் நாளிலிருந்து சொல்லிக்கொண்டிருந்தார். நாங்கள் மூன்று சாயங்காலம் அதை வாசித்திருந்தோம். இரண்டு வார்த்தை எடுத்துக் கொடுத்தால் போதாது, முழு வாக்கியமே எடுத்துக் கொடுக்க வேண்டியிருந்தது.

நான் திரைக்குப் பின்னால் நின்று ஆரம்பித்தேன். பாதியில் ஒலிப்பதிவுக்காரர் கையைத் தூக்கினார். காதில் மாட்டியிருந்ததைக் கழற்றி ஜெரோமிடம் நீட்டினார். ஜெரோம் அதைக் காதில் வைத்துக்கொண்டு ஒலிநாடாவைத் திரும்பக் கேட்டார். நான் திரைக்கு வெளியே வந்தேன். கையில் வசனத்தாள். ஒளித்துவைக்க இடமில்லை.

ஜெரோம் என்னைத் தோட்டத்துக்கு அழைத்துப் போனார். எப்போதிலிருந்து என்று கேட்டார். இரண்டாம் நாளிலிருந்து என்றேன். திட்டவில்லை. திட்டியிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். காப்பீட்டுக்காரர்களுக்குத் தெரிந்தால் படமே நின்றுவிடும், எழுபது பேரின் வேலை என்றார். அப்புறம் முடிவைச் சொன்னார். பேச்சு வேண்டாம். மதாம் புகைப்படத்தின் முன்னால் சும்மா உட்கார்ந்தால் போதும், கேமரா விலகிப்போகும். வசனத்தை பாரிஸில் வேறு யாரையாவது வைத்துப் பதிவுசெய்துகொள்ளலாம்.

"நீங்களே சொல்லிவிடுங்கள்" என்றார். "எனக்குச் சினிமா என்றாலே அவர்தான். அவரிடம் போய் நான் எப்படி இதைச் சொல்வேன்?"

ஒப்பனை அறையில் மதாம் தானே கொண்டை ஊசிகளைச் சரிசெய்துகொண்டிருந்தார். நான் சொன்னேன். சுற்றி வளைக்கவில்லை, அந்த மொழியில் எனக்குச் சுற்றி வளைக்கத் தெரியாது. அவர் கண்ணாடியில் என்னைப் பார்த்துக்கொண்டே கேட்டார். கையில் இருந்த ஊசியை மேசையில் வைத்தார்.

"யார் குரல் கொடுக்கப் போகிறார்கள்?"

தெரியவில்லை என்றேன்.

"என் முதல் படத்தில் என் குரல் கிடையாது. மூக்கால் பேசுகிறேன் என்று வேறொரு பெண்ணைப் பேச வைத்தார்கள். தியேட்டரில் போய் உட்கார்ந்தேன். என் வாய் அசைகிறது, அவள் பேசுகிறாள். அம்மாவிடம்கூட நான் சொல்லவில்லை." மேசையில் வைத்த ஊசியை மறுபடி எடுத்துக்கொண்டார். "கடைசியிலும் அப்படி வேண்டாம், ஃபிலோமென்."

எழுந்து நேராக ஜெரோமிடம் போனார். ஒரே ஒரு முறை, எழுதியதை விட்டுவிட்டு நான் பேசுகிறேன், பிடிக்காவிட்டால் நீ நினைத்தபடி செய் என்றார். கேட்கவில்லை, சொன்னார். ஜெரோம் தலையாட்டினார். புகைப்படத்துக்குக் கீழே, கேமராவின் கண்ணில் படாத இடத்தில் என்னை உட்காரச் சொன்னார் மதாம். செத்த மனிதனின் படத்தைப் பார்த்துப் பேச வராது, இவளைப் பார்த்துப் பேசுகிறேன் என்றார்.

கேமரா ஓடியது. மதாம் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். எடுத்துக் கொடுக்க என்னிடம் வார்த்தை எதுவும் இல்லை.

பிறகு ஆரம்பித்தார். இன்று காலையில் குளிராக இருந்தது என்றார். காபியை எஃகு டம்ளரில் கொடுத்தார்கள், விரல் சுட்டது, புடவைத் தலைப்பால் பிடித்துக்கொள்ளும் பெண்களைப் பார்த்தேன், எனக்குப் புடவை இல்லை என்றார். அன்றொரு நாள் ஒரு வீட்டில் தரையில் உட்கார்ந்து சாப்பிட்டேன், கோழியில் அவ்வளவு காரம், கண்ணீர் வந்தது, அந்தப் பெண் நான் அழுகிறேன் என்று நினைத்துக்கொண்டு இன்னொரு துண்டு வைத்தாள் என்றார். கார் நின்றுபோனது, ஒருவர் நாற்காலி கொடுத்தார், பெயர் கேட்கவில்லை என்றார். இதையெல்லாம் சாயங்காலம் வீட்டுக்குப் போய்ச் சொல்ல வேண்டும் என்று நினைத்துக்கொண்டே இருந்தேன், அறைக் கதவைத் திறந்த பிறகுதான் ஞாபகம் வருகிறது என்றார். "என்ன சாப்பிட்டாய் என்று கேட்க ஆள் இல்லாமல் போனபிறகு, சாப்பிட்டது மறந்துபோகிறது. அதுதான் எனக்கு. வேறு வியாதி இல்லை."

என்னைப் பார்த்துத்தான் சொன்னார். அழக் கூடாது, மூச்சுச் சத்தம் ஒலிப்பதிவில் விழும் என்று கையைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். நானும் எத்தனையோ வருடமாக யாரிடமும் என்ன சாப்பிட்டேன் என்று சொன்னதில்லை.

ஜெரோம் போதும் என்றார். இன்னொரு தடவை எடுக்கலாமா என்று யாரும் கேட்கவில்லை. ஒலிப்பதிவுக்காரர் எழுந்துவந்து மதாமுக்குத் தண்ணீர் கொடுத்தார். வெளியே காரில் ஏறும்போது மதாம் என்னிடம், அவர்கள் ஏன் அப்படிப் பார்க்கிறார்கள், நான் என்ன சொன்னேன் என்று கேட்டார். நான் சொன்னேன். "பரவாயில்லையே" என்றார்.

மறுநாள் விமான நிலையத்தில் முருகேஷ் பெட்டிகளை இறக்கினார். செல்வி கொடுத்தனுப்பிய முறுக்குப் பொட்டலத்தை மதாம் தன் கைப்பையிலேயே வைத்துக்கொண்டார். என் இரண்டு கன்னத்திலும் முத்தமிட்டு, மகனைத் தினமும் தொந்தரவு செய்யுங்கள், விடாதீர்கள் என்றார். உள்ளே போகும்போது தோளை நிமிர்த்திக்கொண்டு போனார். முருகேஷ், "பெரிய மேடம் திரும்பி வருவாங்களாக்கா?" என்று கேட்டார். தெரியவில்லை என்றேன்.

நான் புதுச்சேரிக்குத் திரும்பினேன். பிள்ளைகள் மறுபடி படிக்க வந்தார்கள். படம் வெளிவந்து, ஜெரோம் எனக்கு ஒரு கேசட் அனுப்பினார். அந்தக் காட்சி முழுக்க இருந்தது. மதாமின் குரலிலேயே இருந்தது. அதற்குப் பிறகு அவர் வேறு படத்தில் நடிக்கவில்லை.

சில வருடம் கழித்து ஜெரோமிடமிருந்து மதாமின் நம்பரை வாங்கினேன். முதியோர் இல்லத்தில் இருப்பதாகச் சொன்னார். பேசுங்கள், ஆனால் எதிர்பார்த்துப் பேசாதீர்கள் என்றார். ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் போட்டேன். யாரோ அவரைக் கூட்டிவந்தார்கள். குரல் அப்படியே இருந்தது.

"மதாம், நான் ஃபிலோமென். பெங்களூரில் உங்களோடு இருந்தவள்."

"பெங்களூர்..." என்று நிறுத்தினார். "நான் அங்கே போனதே இல்லையே. நல்ல ஊரா?"

நல்ல ஊர்தான் மதாம் என்றேன். எப்படி இருக்கும் என்று கேட்டார். சொன்னேன். குளிரைச் சொன்னேன், வெல்லம் போட்ட சாம்பாரைச் சொன்னேன், வளைந்து வளைந்து போகும் தெருக்களைச் சொன்னேன். அப்புறம், அப்புறம் என்று கேட்டுக்கொண்டே இருந்தார். அங்கே எதற்குப் போனீர்கள் என்று கேட்டார்.

"ஒரு நடிகைக்குத் துணையாகப் போனேன்."

"நன்றாக நடிப்பாளா?"

"ரொம்ப நன்றாக நடிப்பார்."

"அப்படியானால் உங்களுக்கு அதிர்ஷ்டம்தான்" என்றார் மதாம் ஒதில். பிறகு, சாப்பிடக் கூப்பிடுகிறார்கள் என்று சொல்லி, நன்றி கூறி, தொலைபேசியை வைத்துவிட்டார்.